பேச்சியின் வாய்மொழித் தேர்வுக்குத் தண்டலம் போனேன்

போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை தண்டலம் போனேன். சுற்றிப் பார்க்க அங்கே என்ன இருக்கிறது என்பீர்கள். அங்கே ஒரு கல்லூரியில் என் தோழி பேச்சியின் பிஎச்.டி. வாய்மொழித் தேர்வு இருந்தது. தென்காசிப் பக்கத்துக்காரி, ஒரகடத்தில் கார் உதிரிபாகத் தொழிற்சாலையில் தரம் பார்க்கிறாள். ஷிஃப்ட் போக மீதி நேரத்தில், இந்தியா, பாரசீகம் என்று கிழக்கைக் கண்ணால் பார்க்காமலே அதை உருகி உருகி எழுதிய ஆங்கில ரொமான்டிக் கவிஞர்களின் மனத்தை ஆராய்ந்தவள். "இதுல தேறலைன்னா திருத்தி எழுத இன்னொரு லீவு தரமாட்டாங்க. மூட்டை கட்டிருவேன்" என்று முந்தின நாளே சொல்லிவிட்டாள்.

பூந்தமல்லியில் எட்டே முக்காலுக்குப் பேருந்து. பக்கம்தான், ஆனால் லாரி நகர்ந்தால்தானே நாம் நகர! ஐம்பது நிமிடம் ஆயிற்று. அங்கிருந்து கல்லூரிக்கு ஷேர் ஆட்டோ, இருபது ரூபாய்.

"இன்னாம்மா, இன்டர்வியூவா?" என்றார் டிரைவர்.

"எனக்கில்லண்ணே, ஃபிரெண்டுக்கு."

"பாஸாயிடுவாங்க, போ." மனுஷன் வாய்க்குச் சர்க்கரை போடலாம்.

இந்தத் தேர்வு ஊரறிய நடப்பது. யாரும் உட்காரலாம், கேள்வியும் கேட்கலாம். கடைசி வரிசையில் பேச்சியோடு வேலை பார்க்கும் பெண்கள், இரவு ஷிஃப்ட் முடித்துச் சீருடையோடே வந்திருந்தார்கள். தேர்வாளராக வந்த வெளியூர்ப் பேராசிரியர் ஆங்கிலத்தில் ஆரம்பித்தார்: பார்க்காத கிழக்கை எழுதியது பொய்தானே? பேச்சி தண்ணீர் குடித்தாள். மறுபடியும் குடித்தாள். அடிப்பாவி, வாயைத் திற!

கடைசி வரிசையிலிருந்து மண்ணூர் தேவகி எழுந்தாள். "சார், யார் வேணா கேக்கலாம்னாங்களே. ஏய் பேச்சி, பாக்காத ஊரப் பத்தி இன்னாத்துக்குடி எழுதினாங்கோ? தமிழ்லயே சொல்லு, எங்களுக்கும் புரியட்டும்." அரங்கமே சிரித்தது. பேராசிரியரும் தலையசைத்தார்.

பேச்சிக்கு மூச்சு வந்தது. "எங்கம்மா ஒரகடத்தப் பாத்ததே இல்ல. அவ சொல்லுத ஒரகடத்துல பளிங்குத் தரை, ஏசி ரூம்பு, நான் உக்காந்து கையெழுத்துப் போடுதேன். எனக்கு என்னெல்லாம் கிடைக்கணும்னு நினைக்காளோ, அதை வச்சு ஒரு ஊரக் கட்டிக்கிட்டா. அந்தக் கவிஞர்களும் அப்படித்தான். அதுல கிழக்கு கொஞ்சம், அவங்க மனசு நிறைய. ஆனா அம்மாவோட ஒரகடத்துல தேவகி கிடையாது. அவங்க கிழக்குலயும் இங்க வாழ்ந்த சனங்க கிடையாது. அதுதான் குறை." அதையே ஆங்கிலத்திலும் சொன்னாள். அப்புறம் அவளை யாராலும் நிறுத்த முடியவில்லை.

ஒரு மணிக்கு முடிவைச் சொன்னார்கள். டாக்டர் பேச்சி! தேவகி விசிலடித்தாள். நான் அழுதுவிட்டேன்.

நீங்களும் இப்படி ஒரு தேர்வுக்குப் போய்ப் பாருங்கள், செலவில்லை. ஷிஃப்ட் மாறும் நேரத்தில் மட்டும் சாலையில் இறங்காதீர்கள், கம்பெனிப் பேருந்துகள் அடைத்துக்கொள்ளும்.

வெளியே வந்ததும் பேச்சி ஃபோனை ஸ்பீக்கரில் போட்டு அம்மாவிடம் சொன்னாள். அந்தப் பக்கமிருந்து அம்மாவின் குரல் வந்தது:

"ஏட்டி, நீ ராத்திரி பூரா நின்னுக்கிட்டே வேல பாக்கது எனக்குத் தெரியும். இனியாவது உக்காந்து பாரு."