நஸீமா மேடம் கேட்ட துண்டுச் சீட்டு

நஸீமா மேடம் இறந்துபோன செய்தி எனக்கு வந்த விதத்தைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது. இரண்டு நாளாகக் கடை பூட்டியிருந்ததால் அவருக்குப் போன் போட்டேன். எடுத்தது யார் என்றுகூடக் கேட்கவில்லை. "இன்னா மேடம், கடைய சாத்திட்டு ஊர் சுத்தக் கிளம்பிட்டீங்களா? என் கம்ப்யூட்டர் மறுபடியும் மொறைக்குது" என்றேன். எதிர்முனையில் அவருடைய கணவர் காதர் பாய். "அண்ணா, முந்தாநேத்து காலைல நெஞ்சு வலினு சொன்னாங்க. ஆஸ்பத்திரி போறதுக்குள்ள மௌத்தாயிட்டாங்க" என்றார். அதற்கு நான் சொன்ன பதில்: "சரிங்க பாய், அப்ப நாளைக்கு வரேன்." போனை வைத்த பிறகுதான் நான் என்ன கேட்டேன், என்ன சொன்னேன் என்பதே உறைத்தது.

செங்கம் ரோட்டில், ஆசிரமத்தைத் தாண்டி இருக்கும் அந்தச் சின்னக் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடையை உங்களில் பலருக்குத் தெரியும். மடியில் லேப்டாப் வைத்த வெள்ளைக்காரரும், என் ஆட்டோவில் பெரிய கம்ப்யூட்டர் பெட்டியை ஏற்றி வந்த நானும் அங்கே ஒரே பெஞ்சில்தான் உட்கார வேண்டும். திரையில் என்ன வந்தது என்பதைத் துண்டுச் சீட்டில் எழுதித் தராத யாருடைய மெஷினையும் அவர் தொட மாட்டார்.

எனக்கு அது பொங்கல் அன்று தெரிந்தது. முதல் நாள் போகிக்கு வீட்டில் எல்லோரும் பரணைக் காலி செய்தார்கள். எனக்கு முதுகு வலி. உட்கார்ந்த இடத்திலேயே நானும் ஏதாவது கழிக்கலாம் என்று கம்ப்யூட்டரைத் திறந்து, யாரும் விளையாடாத பழைய விளையாட்டு ஒன்றை நீக்கினேன். நடுவில் அது ஆங்கிலத்தில் ஏதோ கேட்டது. பத்தாவது வரை படித்தவனுக்கு 'எல்லாவற்றுக்கும் ஆம்' என்பது மட்டும் புரிந்தது. அமுக்கினேன்.

மறுநாள் என் மகள் திவ்யாவின் படம் வரையும் புரோகிராம் திறக்கவில்லை. பாலிடெக்னிக்கில் சிவில் படிக்கிறாள். லீவு முடிந்ததும் வீட்டு வரைபடத்தைக் காட்டியாக வேண்டும். நான் கடைக்கு ஓடினேன்.

"ஏதோ இல்லைனு வருது மேடம்."

"எது இல்லைனு?"

"படிக்கல. ஓகே அமுக்கிட்டேன்."

"அது உங்கள திட்டலண்ணா, ஒரு பேரு சொல்லி எங்கனு கேக்குது. வாசல்ல ஒருத்தர் வந்து ஆள் இருக்காரானு கேட்டா, யாருனு கேக்காமலே கதவ சாத்துவீங்களா? போய் எழுதிட்டு வாங்க. ஆட்டோ உங்களுதுதானே!"

வேங்கிக்காலில் இருக்கும் வீட்டுக்குத் திரும்பிப் போய், பெயரை எழுதி, பெட்டியோடு மகளையும் ஏற்றி வந்தேன். பெயரின் கடைசியில் ஒரு புள்ளி, பிறகு டி.எல்.எல்.

"நேத்து எதையாவது எடுத்தீங்களா, போட்டீங்களா?" என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் திவ்யா, "நான்தான் ஆன்ட்டி, ஃப்ரெண்டோட பென்டிரைவ சொருகினேன். வைரஸ் ஏத்திட்டேன்" என்று அழ ஆரம்பித்தாள். நான் மின்விசிறியைப் பார்த்தேன். எதை எப்போது நீக்கினோம் என்ற குறிப்பு மெஷினுக்குள்ளேயே இருக்குமாம். அதைப் பார்த்தவர் என்னையும் ஒரு பார்வை பார்த்தார். "உன் மேல தப்பில்லம்மா" என்றார். திவ்யா அதை ஆறுதல் என்றே எடுத்துக்கொண்டாள்.

அந்த ஒரு ஃபைலை மட்டும் ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்கலாமா என்று அவள் கேட்டாள். "கண்ட எடத்துலருந்து வேணாம். உள்ள இன்னா வச்சிருப்பானோ" என்று மறுத்துவிட்டு, அதைச் செய்த கம்பெனியின் தளத்திலிருந்தே முழுத் தொகுப்பாக இறக்கினார். அப்போதும் திறக்கவில்லை. மெஷின் அறுபத்து நாலு பிட் வகை, புரோகிராம் பழசு, அதற்கு முப்பத்திரண்டு பிட் வகை ஃபைல் வேண்டுமாம். என்ன கணக்கோ. அதையும் போட்டார். வரைபடம் திறந்தது.

திவ்யா டீ வாங்கப் போனபோது என்னைக் கேட்டார்: "பௌர்ணமிக்கு உங்க தெருவுல அன்னதானம் போடறீங்களே, அந்த அண்டா யாருது?"

"தெருவுக்குப் பொது. எங்க வீட்லதான் கிடக்குது."

"உங்க வீட்ல கிடக்குதுனு போகிக்குத் தூக்கிப் போட்டா, அடுத்த பௌர்ணமிக்கு எதுல பொங்குவாங்க? நாலு புரோகிராமுக்குப் பொதுவான ஃபைலுண்ணா அது. விளையாட்டோட சேத்து அனுப்பிட்டீங்க." பிறகு குரலைத் தாழ்த்தினார். "பாப்பாகிட்ட நீங்களே சொல்லிடுங்க. ஃபைல நான் திருப்பி வச்சுட்டேன். இத நான் சொல்லக் கூடாது."

அன்றைக்கே சொல்வதாகத் தலையாட்டினேன். அதற்குப் பிறகு எப்போது போனாலும், "சொல்லிட்டீங்களா?" என்பார். "சமயம் வரல மேடம்" என்பேன். "சமயம்லாம் தானா டவுன்லோடு ஆவாதுண்ணா" என்று சிரிப்பார்.

இன்றும் எனக்கு டி.எல்.எல். முழுசாகப் புரியவில்லை. நேற்றுவரை சிரித்த மனுஷி இன்று எப்படி இல்லாமல் போனார் என்பது அதைவிடப் புரியவில்லை. அவரிடமிருந்து என்னிடம் மிஞ்சியது ஒரு பழக்கம். இல்லை என்று எது வந்தாலும், ஓகே அமுக்குவதற்கு முன் பெயரை எழுதிக்கொள்கிறேன்.

போன வாரம் திவ்யாவோடு துக்கம் கேட்கப் போனேன். அவள் காதர் பாயிடம், "அன்னிக்கு நான் பண்ண தப்புக்கு ஆன்ட்டி ஒரு வார்த்தை திட்டல அங்கிள். அதுக்கப்புறம் நான் யார் பென்டிரைவையும் தொடறதில்ல" என்று சொல்லி அழுதாள். பாய் என்னைப் பார்த்தார். அவருக்குத் தெரியுமா, தெரியாதா? எனக்குத் தெரியவில்லை. "தண்ணி குடிங்கண்ணா" என்று டம்ளரை நீட்டினார்.

வாங்கிக் குடித்தேன். 'நான்தாம்மா' என்ற சொல் தொண்டைவரை வந்திருந்தது. தண்ணீரோடு அதுவும் உள்ளே போய்விட்டது.