ஆளைக் கொன்ற தறி

1994இல் சோமனூர் தறிக்கூடம் ஒன்றில் ராமாத்தாளின் கணவன் சின்னச்சாமி செத்துப்போனான். தோளில் கிடந்த துண்டு தறியின் பெல்ட்டில் சிக்கி, மோட்டாரை நிறுத்துவதற்குள் அவன் கழுத்தை நெரித்துவிட்டது.

நஷ்டஈட்டு வழக்கை நடத்திய வக்கீல் ஒருநாள் அவளிடம் பேச்சுவாக்கில் சொன்னார். "டியோடண்ட்னு இங்கிலீஷ்ல ஒரு பழைய வார்த்தை இருந்துது அம்மணி. ஆளைக் கொன்ன பொருள் சாமிக்குச் சொந்தம்னு அர்த்தம். வண்டியோ மாடோ, சாமி பேரச் சொல்லி ராஜா பிடுங்கிக்குவாரு. இப்ப அந்தச் சட்டமும் இல்ல, வார்த்தையும் யாரும் சொல்றதில்ல."

"ஏனுங்க, அந்தத் தறி இன்னும் ஓடுதுங்களா?"

"ஓடுது. வேற ஆளு ஓட்டறான்."

மறுநாள் காலையில் ராமாத்தாள் கடப்பாரையோடு தறிக்கூடத்துக்குள் நுழைந்தாள். "தள்ளி நில்லு கண்ணு" என்று தறிக்காரனை விலக்கி, மோட்டாரை நிறுத்திவிட்டு, சக்கரங்களை அடித்து நொறுக்கினாள். தெறித்த இரும்புத் துண்டு ஒன்று அவள் நெற்றியைக் கிழித்தது. கண்ணுக்குள் ரத்தம் வழிந்தும் கை ஓயவில்லை. தடுக்க வந்த முதலாளிக்கு முழங்கை எலும்பு முறிந்தது.

போலீஸ்காரர் காரணம் கேட்டார்.

"சாமிக்குச் சேர வேண்டியதச் சேத்திப்போட்டேனுங்க" என்றாள்.

ஆறு மாதம் சிறையில் இருந்தாள். அந்தத் தறி பழைய இரும்புக்குப் போய்விட்டதாக அங்கே கேள்விப்பட்ட அன்றுதான், கணவன் செத்த பிறகு முதல்முறையாக வாய்விட்டு அழுதாள்.