கிடைக்காரர் சொன்ன சாட்சி

1. கவர் வந்த நாள்

தொண்ணூறுகளின் கடைசி. எட்டயபுரம் பக்கத்தில் ஒரு கிளை நிலையத்தில் கால்நடை ஆய்வாளராக இருந்தேன். செம்மறிகளுக்குத் தடுப்பூசி போட்டுக்கொண்டிருந்தபோது பியூன் வந்து கவரை நீட்டினார். இலவசத் தடுப்பூசிக்குச் சுப்பையா என்ற ஆட்டுக்காரரிடம் ஒரு கிடாவை லஞ்சமாக வாங்கினேன் என்று அவரே கைநாட்டு வைத்த புகாராம். சஸ்பென்ஷன். அடப் பாவிகளா, அந்தக் கிடாவை எங்கே கட்டி வைத்திருக்கிறேன் என்றாவது வந்து பார்த்திருக்கலாமே!

விசாரணை முடியும்வரை அனுமதியில்லாமல் நான் குடியிருந்த கோவில்பட்டியை விட்டு நகரக் கூடாது. சாட்சியிடம் பேசக் கூடாது. வேறு தொழில் எதுவும் செய்யவில்லை என்று மாதாமாதம் எழுதிக் கொடுத்தால்தான் பாதிச் சம்பளம். அதற்குப் பேர் பிழைப்பூதியம். குற்றம் நிரூபணமானால் வேலையே போய்விடும்.

2. ஆள் ஊரில் இல்லை

விசாரணை நடக்க வேண்டுமென்றால் சுப்பையா வர வேண்டும். அவரோ கிடை போடுகிறவர். மந்தையை ஓட்டிக்கொண்டு காடு காடாகப் போய், உரத்துக்காக ராத்திரி அங்கங்கே ஆடுகளை அடைப்பார். சம்மன் அவர் ஊருக்குப் போகும். 'ஆள் ஊரில் இல்லை' என்று திரும்பி வரும். வாய்தா. மறுபடி சம்மன், மறுபடி வாய்தா. அதற்குள் விசாரணை அதிகாரியும் மாறுதலில் போய்விட்டார்.

பொறுக்க முடியாமல் செக்‌ஷன் கிளார்க்கிடம் போய்ச் சொன்னேன்.

"தம்பி, இப்ப பருத்தி அழிச்ச காடெல்லாம் குளத்தூர்ப் பக்கந்தான் கெடக்கு. சம்மன அங்கன அனுப்புனா ஆளு இருப்பாரு."

"அண்ணாச்சி, அதெல்லாம் நீங்க சொல்லக் கூடாது. சாட்சியக் கலைக்கியன்னு ஆயிரும்."

"ஏய்யா, கலைக்கதுக்கு மொதல்ல சாட்சி வரணும்லா?"

அவர் ஃபைலைக் கட்டி அலமாரியில் வைத்துவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார்.

வீட்டிலும் நிம்மதி கிடையாது. "சாருக்கு இன்னுமா லீவுன்னு தெருவே கேக்கு. நான் என்னத்தச் சொல்ல?" என்பாள் என் மனைவி.

3. வாசலில் சாட்சி

ஒரு மத்தியானம் அந்தச் சுப்பையாவே என் வாசலில் வந்து நின்றார். தோளில் சினையாடு.

"ஐயா, குட்டி தல திரும்பிக் கெடக்கு. ஆஸ்பத்திரி பூட்டியிருக்கு. தாயும் போயிரும் போலுக்கு."

எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல. உம்ம கைநாட்டால்தான் வீட்டில் உட்கார்ந்திருக்கிறேன் என்று வாய்வரை வந்தது. சாட்சியிடம் பேசக் கூடாதே! உள்ளேயிருந்து மனைவி, "தொட்டுராதிய! போகச் சொல்லுங்க" என்று கத்தினாள். ஆடு பல்லைக் கடித்து முனகியது. நான் சோப்புப் போட்டுக் கை கழுவினேன்.

குட்டி உயிரோடு வந்தது. போகும்போது, "ஆபீஸ்ல உம்மத் தேடுதாவ, போய்த் தலையக் காட்டும்" என்று மட்டும் சொன்னேன்.

4. நல்ல வார்த்தை

அடுத்த விசாரணைக்கு அவர் வந்துவிட்டார். புது அதிகாரி கேட்டதும் பளிச்சென்று சொன்னார்: "கிடாவா? நான் குடுக்கல. அவிய கேக்கவும் இல்ல. ஆட்டு லோனுக்கு மனுன்னு எங்க ஊர்ப் பெரிய ஆளு ஒருத்தரு கைநாட்டு வாங்கினாரு."

அந்தப் பெரிய ஆளின் காளையைப் பார்க்க ஒருமுறை தாமதமாகப் போயிருந்தேன். அந்தக் கோபத்தில் செய்த வேலை. எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. சுப்பையா அத்தோடு நிறுத்தியிருக்கலாம்.

"தங்கமான மனுசன் சார். சஸ்பெண்டுல இருந்தும் போன வாரம் வீட்டுல வச்சே எங்க ஆட்டுக்குப் பிரசவம் பாத்தாவ."

போதும் என்று கண்ணைக் காட்டினேன். இன்னும் சொல்லச் சொல்கிறேன் என்று நினைத்துக்கொண்டார். "ஊசியுங்கூடப் போட்டாவ சார்!"

அதிகாரியின் பேனா அப்போதுதான் வேகமாக ஓட ஆரம்பித்தது.

கிடா வாங்கிய குற்றம் நிரூபிக்கப்படவில்லை. சஸ்பென்ஷனில் சிகிச்சை செய்ததும், அந்த மாதமும் வழக்கம்போல் தொழில் எதுவும் செய்யவில்லை என்று பொய்யாக எழுதிக் கொடுத்ததும் நிரூபணம். வேலை திரும்பக் கிடைத்தது, இன்கிரிமென்ட் கட்.

இப்போது வேலைக்கு வரும் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். சஸ்பென்ஷனில் இருக்கும்போதும் உயிருக்குப் போராடும் ஆடு வந்தால் பாருங்கள். பார்த்து முடித்ததும், "வெளியே எங்கேயும் என்னைப் பத்தி நல்ல வார்த்தை சொல்லீராதேயும்" என்று ஆட்டுக்காரரின் கையைப் பிடித்துக் கேட்டுக்கொண்டு அனுப்புங்கள்.