கடலுக்கு முதுகு காட்டி நின்றவர்கள்

போன வாரம் பதுளையில் விடாத மழை. பள்ளிக்கூடத்திலிருந்து வந்து சப்பாத்தைக் கழற்றிய மகள், கூரையே பெயர்ந்து விழுந்ததுபோல் கத்தினாள். கணுக்காலில் ஓர் அட்டை. அதுவும் நூல் மாதிரி ஒன்று. உன் வயதில் நான் எத்தனை பிடுங்கிப் போட்டிருப்பேன் தெரியுமா என்று சொல்ல வாயெடுத்தேன். "ஆமா, ஒங்க காலத்துல" என்று அவள் தொடங்கிவிடுவாள் என்பதால் பேசாமல் உப்பு எடுக்கப் போனேன். பையில் இருந்தது மாவுபோலத் தூள் உப்பு. அதற்கும் அட்டை விழத்தான் செய்தது. ஆனால் கட்டி உப்பைத் துணியில் முடிந்து, நனைத்து, காலில் தேய்க்கும்போது வரும் அந்த நறநறப்பு இதில் இல்லை. அதை நினைத்ததும் அம்பாந்தோட்டை ஞாபகம் வந்துவிட்டது.

மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுகிறாளே என்று நினைப்பீர்கள். கொஞ்சம் பொறுங்கள், முடிச்சு இருக்கிறது.

உயர்தரப் பரீட்சை பாஸ் பண்ணிவிட்டு ஆசிரியர் நியமனத்துக்குக் காத்திருந்த காலம். சண்டை நின்று, சமாதானம் வந்துவிட்டது என்று எல்லோரும் நம்பிய அந்த இரண்டு மூன்று வருடங்கள். எல்லவுக்கு வெள்ளைக்காரர்கள் வரத் தொடங்கியிருந்தார்கள். பண்டாரவளையில் இரும்புக் கடை வைத்திருந்த ஒரு ஹாஜியார், ஆணி விற்பதைவிட அருவி காட்டுவதில் லாபம் என்று கண்டு ஒரு வெள்ளை வானை வாங்கிப் போட்டார். காலையில் அருவி, மத்தியானம் கடற்கரைப் பட்டினம், இருட்டுவதற்குள் வீடு. வானை ஓட்டுபவர் நிஸாம் நானா. விளக்கம் சொல்பவள் நான். குடையின் நுனியில் சிவப்பு ரிப்பன் கட்டி உயர்த்திப் பிடித்துக்கொண்டு, மனப்பாடம் செய்த ஆங்கிலத்தில் முழங்குவேன். இடையில் யாராவது கேள்வி கேட்டால் மறந்துபோகும். முதலிலிருந்து சொல்ல வேண்டும்.

வெள்ளைக்காரர்கள் வராத மாதங்களில் வான் சும்மா நின்றது. "எங்க தோட்டத்து ஆளுங்களக் கூட்டிட்டுப் போனா என்ன?" என்று ஒருநாள் கேட்டேன். ஹாஜியார் தாடியைத் தடவினார். "வருவாங்களா? சரி, ஒரு தரம் போய்ப் பாருங்க. நல்லா வந்தா மாசா மாசம் போவோம்" என்றார்.

எங்கள் தோட்டம் நமுனுகுல மலைக்குக் கிழக்கே, சரிவில் இருந்தது. எங்கள் வரிசை வீடான லயத்து வாசலில் நின்றால் முன்னால் பள்ளம், முதுகுக்குப் பின்னால் மலை. சூரியன் அந்த மலைக்குப் பின்னால்தான் விழும். அதற்கு அப்பால் என்ன இருக்கிறது என்று சிறுவயதில் நாங்கள் யோசித்ததே இல்லை. அங்கிருந்து ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் பன்னிரண்டு பெண்கள் கிளம்பினார்கள். எல்லோரும் கொழுந்து எடுப்பவர்கள். ஒருவர்கூடக் கடலைப் பார்த்ததில்லை.

நான் ரிப்பன் குடையோடு வானிலிருந்து இறங்கியதும் சிரிப்பு கிளம்பிவிட்டது. "இது யாருடி, பொம்பளக் கங்காணி?" என்றார் பாக்கியம் அத்தை. பேர் கூப்பிட்டு ஏற்றலாம் என்று நான் தாளை எடுத்ததும், அத்தனை பேரும் வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் காலைப் பெரட்டில் நிற்பதுபோலத் தானாகவே வரிசையாக நின்றுவிட்டார்கள். அத்தை விடவில்லை. "புள்ள, இன்னைக்கு முழுப் பேரா, அரைப் பேரா?" எங்கள் பக்கம் ஒருநாள் சம்பளத்துக்குப் பெயர், பேர். எடுத்த கொழுந்து நிறை குறைந்தால் அரைப் பேர்தான் விழும்.

"கடலக் காட்டுறேன், அப்பறம் சொல்லுங்க" என்றேன்.

பாக்கியம் அத்தை எங்கள் லயத்தில் பக்கத்து அறை, காம்பரா என்போம். சொந்தமில்லை, ஆனாலும் அத்தைதான். அவருடைய குரல்தான் தோட்டத்தில் பேர்போனது. வாசலில் நின்று கூப்பிட்டால் எதிர்ச் சரிவில் கொழுந்து எடுப்பவர்கள் நிமிர்ந்து பார்ப்பார்கள். யாருக்காவது பிள்ளை பிறந்தால், யாராவது கண்ணை மூடினால், மலைக்குச் சேதி சொல்வது அந்தக் குரல்தான்.

எல்லவில் ஒரு வளைவில் வானை நிறுத்தினோம். வெள்ளைக்காரர்கள் வாய் பிளந்து நிற்கும் இடம் அது. மலை இரண்டாகப் பிளந்து, இடைவெளியில் தூரத்துச் சமவெளி தெரியும். குடையை உயர்த்தி நான் விளக்கத் தொடங்கினேன். திரும்பிப் பார்த்தால் ஒருவர்கூட அந்தப் பக்கம் பார்க்கவில்லை. எல்லோரும் ரோட்டுக்கு மேலே இருந்த யாரோ ஒரு தோட்டத்துத் தேயிலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"கொழுந்து முத்திப் போயிக் கெடக்கே, கண்ணு தெரியாதா இவங்களுக்கு?"

"கவ்வாத்து வெட்டுனவன் கைய ஒடிக்கணும்."

இராவணன் அருவியிலும் அப்படித்தான். அதன் உயரம், புராணக் கதை எல்லாம் சொல்லி முடித்தேன். "தண்ணி கொஞ்சமா இருக்கே. நம்ம பத்தாம் நம்பர் மலையில இதவிட நல்லா விழும்" என்றார் ஒருவர். ஆனாலும் குளிக்க இறங்கினார்கள். இறங்குமுன் ஆளாளுக்கு மடியிலிருந்து உப்பு முடிச்சை எடுத்துக் காலில் தேய்த்துக்கொண்டார்கள். பட்டப்பகலில், ரோட்டோரப் பாறையில் எங்கே அட்டை வரப்போகிறது? கேட்டேன். "தண்ணின்னு இருந்தா அட்டைன்னு இருக்கும்" என்றார் அத்தை. கடலுக்கும் சேர்த்துத்தான் கொண்டுவந்திருக்கிறார்களாம். கடலுக்கு உப்பு கொண்டுபோன ஒரே பயணக் கூட்டம் எங்களுடையதாகத்தான் இருக்கும்.

குளியல், ரொட்டி, கட்ட சம்பல், போத்தலில் கொண்டுவந்த தேத்தண்ணி என்று நேரம் கரைந்தது. மாத்தறை வரைக்கும் போகலாம் என்ற என் திட்டம் அங்கேயே படுத்துவிட்டது. அம்பாந்தோட்டையோடு திரும்ப வேண்டியதுதான்.

வெல்லவாயவைத் தாண்டி வெயில் பூமிக்கு இறங்கியதும் பாட்டெல்லாம் ஓய்ந்தது. அத்தை மட்டும் எனக்குப் பின் சீட்டில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். தலை வாரி, பூ வைத்து, பெட்டியிலிருந்து எடுத்த சேலை கட்டியிருந்தார். கடலுக்கு ஏன் இவ்வளவு அலங்காரம் என்று கேட்டேன்.

"ஒங்கிட்ட சொன்னா என்ன புள்ள. எனக்கு ஒரு தங்கச்சி இருந்தா, சரோசான்னு. இருந்தா என்ன, இருக்கா. அக்கரையில."

எங்கள் ஆட்கள் அப்போதெல்லாம் இந்தியா என்று சொல்ல மாட்டார்கள். அக்கரை. இலங்கை, இந்தியா என்று இரண்டு அரசாங்கங்கள் உட்கார்ந்து எங்களைப் பங்கு பிரித்துக்கொண்டபோது, கல்யாணம் முடித்திருந்த அத்தை இந்தப் பங்கில் விழுந்தார். தாய் தகப்பனும் தங்கையும் அந்தப் பங்கில். பதுளை ஸ்டேசனில் அழுது ரயிலேற்றி, பிறகு அவர்கள் தலைமன்னாரில் கப்பலேறி, சில வருடம் கடுதாசி வந்தது. அப்புறம் நின்றுவிட்டது. சண்டை வந்து கப்பலும் நின்றது. தலைமன்னார்ப் பக்கம் தலை வைத்துப் படுக்க முடியாத வருடங்கள்.

"ஒண்ணும் வேணாம் எனக்கு. கரையில நின்னு, அக்கரையப் பாத்து, அவ பேரச் சொல்லி ஒருதரம் கூப்புடணும். கேக்குதோ இல்லியோ."

நாங்கள் போய்க்கொண்டிருப்பது தெற்கே. அம்பாந்தோட்டைக் கரையில் நின்று பார்த்தால் எதிரில் உலகத்தின் அடிவரைக்கும் தண்ணீர்தான். அக்கரை இருப்பது நேர் மாறான பக்கத்தில்.

தயிர் சட்டிகள் அடுக்கியிருந்த ஒரு கடையில் நிறுத்தியபோது நிஸாம் நானாவைத் தனியே கூப்பிட்டுச் சொன்னேன். அவர் தயிரில் இனிப்புப் பாணியை ஊற்றிக்கொண்டே கேட்டார். "இதுக்கா மூஞ்சத் தொங்கப் போட்டிருக்கீங்க தங்கச்சி? கடலுக்கு நேரா கைய நீட்டிருங்க. பாவம், கூப்புட்டு மனசு ஆறட்டும்."

நல்ல யோசனைதான். அப்படியே செய்வது என்று முடிவு செய்துகொண்டேன். ஆனால் என் பங்குத் தயிரை என்னால் சாப்பிட முடியவில்லை.

பட்டினத்துக்குள் முதலில் வெள்ளைக்காரன் கட்டிய பழைய வட்டக் கோபுரத்தைக் காட்டினேன். மலாய்க்காரச் சிப்பாய்கள் வந்து குடியேறிய கதை, துறைமுகக் கதை எல்லாம் சொன்னேன். என்ன சொன்னேன் என்று எனக்கே தெரியாது. பிறகு ஊரைத் தாண்டி, ஒரு பக்கம் உப்பளமும் மறுபக்கம் கடற்கரைப் பற்றைப் புதருமாக இருந்த ரோட்டில் வான் நின்றது. கடல் இன்னும் கண்ணில் படவில்லை. கதவைத் திறந்ததும் அந்த இரைச்சல்.

"மழ வருதுடி" என்றார் ஒருவர். உடனே எல்லோரும் பரபரத்தார்கள். எதிர் மலையிலிருந்து தேயிலைக்கு மேலே மழை நடந்து வரும் சத்தம் அவர்களுக்குப் பழக்கம். "படங்கு எடுத்துட்டு வரலியே" என்று ஒருவர், கொழுந்து எடுக்கையில் கட்டும் சாக்கைத் தேடி இடுப்பைத் தடவினார். வானம் பார்த்தால் வெள்ளை வெளேரென்று கிடக்கிறது. பற்றையைத் தாண்டி நாலு எட்டு நடந்ததும் சத்தத்தின் காரணம் முன்னால் விரிந்து கிடந்தது. ஒருவர், "ஆத்தாடி, எதிர்ப்பக்கமே இல்லியே" என்று மெல்லச் சொன்னார். ஆயுள் முழுக்க எதிரில் ஒரு மலையைப் பார்த்தே வளர்ந்தவர்கள்.

அத்தை அலை தொடும் இடம்வரை போனார். சேலையைச் சரி செய்துகொண்டார். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"அக்கரை எந்தப் பக்கம் புள்ள?"

என் கை பாதி எழும்பியது. அப்போதுதான் எனக்கு அந்தக் குரல் ஞாபகம் வந்தது. இத்தனை வருடம் தேக்கிவைத்த குரல். அதை ஆளே இல்லாத தண்ணீருக்கு நேரே விடச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

"இந்தப் பக்கம் இல்ல அத்தை. ஒங்களுக்குப் பின்னாடி" என்றேன். "இது தெக்குக் கடல். அக்கரை வடக்கால இருக்கு."

பன்னிரண்டு பேரும் என்னையே பார்த்தார்கள். நிஸாம் நானா தலையில் கை வைத்துக்கொண்டார். அத்தை மெதுவாகத் திரும்பினார். ரோட்டுக்கு அந்தப் பக்கம் உப்பளம். வெள்ளை வெள்ளையாக உப்புக் குவியல்கள். அதற்கு வெகு தூரம் பின்னால், வானத்தின் ஓரத்தில், நீலமாக ஒரு கோடு.

"அது என்னா?"

"நம்ம மலைதான் அத்தை. நமுனுகுல."

அவர் அதையே பார்த்துக்கொண்டு நின்றார். அழப்போகிறார் என்று நினைத்தேன். ஒரு அலை வந்து அவர் கணுக்காலை நனைத்துப் போனது. திடீரென்று சிரித்தார்.

"அப்ப நம்ம மலைக்கு அந்தப் பக்கந்தான் இருக்கா அவ. இங்க வந்து பாக்கத்தான் தெரியுது. நான் என்னமோ அவ கடலுக்குள்ள எங்கயோ போயிட்டாள்னுல்ல நெனச்சுக்கிட்டு இருந்தேன்."

பிறகு, கடலுக்கு முதுகு காட்டி நின்று, இரண்டு கையையும் வாயில் குவித்தார்.

"சரோசா... ஏ சரோசா... அக்கா கூப்புடுறேன்டி."

உப்பளத்தில் வேலை செய்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். கொஞ்சநேரம் கழித்து இன்னொருவர் அவர் பக்கத்தில் போய்த் திரும்பி நின்று, "அண்ணே" என்று கூப்பிட்டார். அப்புறம் இன்னொருவர். அக்கரைக்கு ஆள் அனுப்பாத வீடு எங்கள் லயத்தில் ஏது? இத்தனை பெண்கள் கடலைப் பார்க்க வந்து, கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு மலையைப் பார்த்துக் கத்துவதைக் கண்டு, வலை காயப்போட்டுக்கொண்டிருந்த ஒரு மீன்காரர் நிஸாம் நானாவிடம் சிங்களத்தில் என்னவென்று கேட்டார். நானா பதில் சொன்னதும் அவர் தலையாட்டிவிட்டு, அவரும் அந்தப் பக்கம் திரும்பிப் பார்த்தார். என்ன சொன்னீர்கள் என்று பிறகு கேட்டேன். "சொந்தக்காரங்களக் கூப்புடுறாங்கன்னு சொன்னேன். வேற என்ன சொல்ல?" நானும் அழுதேன், இப்போது சொல்வதில் என்ன வெட்கம்.

அதற்கப்புறம்தான் அவர்கள் கடல் பக்கம் திரும்பினார்கள். இருட்டும்வரை அதிலிருந்து பிய்த்தெடுக்க முடியவில்லை. கால் கழுவ ஒரு பெட்டிக்கடைக்காரம்மா வாளியில் நல்ல தண்ணீர் தந்தார். உப்பளத்துக் காவல்காரர் ஆளுக்கொரு கை கட்டி உப்பு அள்ளிக் கொடுத்தார். "அட்டைக்கு ஆகும்" என்று அத்தை முந்தானையில் முடிந்துகொண்டார். வான் கிளம்பியதும் பின்னாலிருந்து என் தோளைத் தட்டினார். "புள்ள, முழுப் பேரே போட்டுரு."

ஹாஜியார் சொன்னபடி மாசா மாசம் போனோம். எனக்கு நியமனம் வரும்வரை நான் போனேன், பிறகு வேறு ஒரு பெண் போனாள். இப்போது அந்த வான் இல்லை, இரும்புக் கடையும் கைமாறிவிட்டது. கடல் கரையேறி வந்த அந்த மார்கழியில் பெட்டிக்கடையும் போய்விட்டது. அந்தம்மா தப்பித்து மேட்டுப் பக்கம் மகள் வீட்டில் இருப்பதாக நிஸாம் நானா தேடிப் போய் விசாரித்து வந்து சொன்னார். கட்டி உப்பு எங்கள் கடைத்தெருவில் கிடைப்பதில்லை. லயத்துக்கு லயம் குரல் கொடுத்துச் சேதி சொல்வதும் நின்றுவிட்டது, கையில்தான் போன் இருக்கிறதே.

அந்தப் போன்தான் சரோசாவையும் கொண்டுவந்தது. கோத்தகிரிப் பக்கம் சரோசாவின் பேரன் ஒருவன் எங்கள் தோட்டத்துப் பெயரைப் போட்டுத் தேடி, கோயில் திருவிழாப் படமொன்றில் அத்தையைக் கண்டுபிடித்துவிட்டான். அங்கேயும் மலைதானாம். தங்கச்சியும் அங்கே கொழுந்துதான் எடுத்தாளாம்.

அட்டை விழுந்த கையோடு, ஞாயிற்றுக்கிழமை மகளைக் கூட்டிக்கொண்டு லயத்துக்குப் போனேன். பேசிக்கொண்டிருக்கும்போதே அத்தையின் போன் அடித்தது. அவர் அதை எடுத்துக்கொண்டு, முட்டியைப் பிடித்தபடி வாசலுக்கு வந்து, பின்பக்கத்து மலை தெரிகிற மாதிரித் திரும்பி நின்றார்.

"சரோசா... அக்கரையில மழையாடி?"

பள்ளத்திலிருந்த நாய் குரைத்தது. மகளுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "போன்லதான பேசுறாங்க, ஏம்மா இப்புடிக் கத்துறாங்க?" என்றாள். பிறகு கேட்டாள், "அக்கரைன்னா என்ன?"

நான் வாயைத் திறப்பதற்குள் அத்தை போனைக் காதிலிருந்து கொஞ்சம் விலக்கி, தாடையால் மலையைக் காட்டினார்.

"அந்தா, மலைக்கு அந்தப் பக்கம்."