அரைமணி நேரச் சுமங்கலி

அப்பா உயிரோடு இருந்தபோதே அவரைச் சாகடித்துவிட்டுத்தான் நாங்கள் சாத்தூர் பக்கம் குடிவந்தோம். எட்டாம் வகுப்பில் சேரும்போது படிவத்தில் ‘தந்தை காலமானார்’ என்று என் கையாலேயே எழுதினேன். லாரி விபத்து என்று அம்மா அக்கம்பக்கத்தில் சொல்லிவைத்தாள். வீட்டுக்காரம்மா உச்சுக்கொட்டிவிட்டு ஒரு செம்பு மோர் கொடுத்தார்.

உண்மையில் அப்பா எங்கோ ஒரு காட்டில் துப்பாக்கியோடு இருந்தார். பஸ் ஸ்டாண்டு சுவரில் ஒட்டியிருந்த ‘தேடப்படுபவர்கள்’ நோட்டீஸில் முதல் படம் அவருடையது. அதைத் தாண்டித்தான் காய் வாங்கப் போக வேண்டும். அம்மா குனிந்துகொள்வாள், நான் முறைத்துப் பார்ப்பேன். எனக்குத் தெரிந்த அப்பா, அம்மாவுக்கு வெங்காயம் உரித்துக் கொடுத்து, கண்ணீர் வழியச் சிரிக்கிறவர். அதே ஆள் குண்டு வைத்து மனிதர்களைக் கொன்றார் என்பதும் பொய்யில்லை. செத்தவர்களுக்கும் என் வயதில் பிள்ளைகள் இருந்திருப்பார்கள். இந்த இரண்டு பேரையும் ஒரே ஆளாகச் சேர்த்துப் பார்க்க எனக்கு இன்றைக்கும் வரவில்லை. அப்போது வெறும் கோபம்தான் வந்தது.

அம்மா அச்சங்குளம் பக்கம் ஒரு பட்டாசு கம்பெனியில் சரம் பின்னும் வேலைக்குப் போனாள். கம்பெனி வேன் என் பள்ளிக்கூடத்தைத் தாண்டிப் போகும் என்பதால் டிரைவர் என்னையும் ஏற்றிக்கொள்வார்.

உயிரோடு இருக்கிறவரைச் செத்துவிட்டார் என்று சொன்னது அம்மாவை உள்ளுக்குள் அரித்தது. சொன்ன வார்த்தை பலித்துவிடும் என்று பயந்தாள். அதற்கு அவளே ஒரு பரிகாரமும் கண்டுபிடித்தாள். விடிந்ததும் கதவைத் தாழ்போட்டு, நெற்றியில் ஸ்டிக்கர் பொட்டு ஒட்டிக்கொண்டு சமைப்பாள். வேன் ஹாரன் கேட்டதும் பொட்டை உரித்துக் கண்ணாடியில் ஒட்டிவிட்டு ஓடுவாள். தினமும் அரைமணி நேரம் சுமங்கலி. அவர் உயிருக்கு அது போதும் என்று நம்பினாள். எனக்குச் சிரிப்பாக இருக்கும். சில நாள் பயமாகவும் இருக்கும், யாரோ ஒருவர் அந்த அரைமணி நேரம் எங்களோடு அடுக்களையில் நிற்கிற மாதிரி.

தீபாவளி சீசனில் ஆர்டர் குவிந்து, ஒருநாள் வேன் முன்கூட்டியே வந்துவிட்டது. பதற்றத்தில் அம்மா பொட்டோடு ஏறிவிட்டாள். வேனுக்குள் பேச்சு நின்றது. தாலியறுத்தவள் நெற்றியில் காலையில் பொட்டு இருந்தால் என்ன அர்த்தம்? யாரோ ஒருத்தன் வந்து போகிறான். அம்மா மறுக்கவில்லை. போலீஸ் தேடுகிறவரின் மனைவி என்று தெரிவதைவிட இந்தக் கெட்ட பெயர் பத்திரம் என்று வாயை மூடிக்கொண்டாள். பெண்களும் அவளை ஒதுக்கவில்லை. ஆள் எந்த ஊர், என்ன வேலை என்று தினம் ஒரு கிண்டல், அவ்வளவுதான்.

ஆனால் பேச்சு பள்ளிக்கூடம் வரைக்கும் வந்தது. புது அப்பா நல்லா இருக்காரா என்று வகுப்பில் ஒருத்தி விசாரித்தாள். அன்று சாயங்காலம் பொட்டு அட்டையை அப்படியே அடுப்பில் போட்டேன். கண்ணாடியில் இருந்ததையும் நகத்தால் சுரண்டிப் போட்டேன். அம்மா பார்த்துக்கொண்டே நின்றாள். வேறு அட்டை வாங்கியிருக்கலாம். வாங்கவில்லை. என் முகத்தைப் பார்த்துப் பயந்திருக்கிறாள்.

நாலாம் நாள் காலை, டிரைவர் வைத்திருந்த பேப்பரின் முதல் பக்கத்தில் அப்பா செத்துக் கிடந்தார். கண்கள் பாதி திறந்திருந்தன. போலீஸ் சுட்ட கதையைச் சத்தமாக வாசித்துவிட்டு, இவன் செத்ததற்குப் பத்தாயிரம் வாலா ஒன்று கொளுத்த வேண்டும் என்றார் டிரைவர். வேனில் இருந்தவர்கள் ஆமாம் போட்டார்கள். அம்மா முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள். சத்தம் அதையும் மீறி வந்தது.

பக்கத்தில் இருந்த, கூட வேலை பார்க்கும் அக்கா ஒருவர் அம்மாவைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டார்.

“என்ன தாயி, அந்த ஆளு விட்டுட்டுப் போயிட்டானாக்கும்?”

அம்மா தலையாட்டினாள்.

அவ்வளவுதான், வேன் மொத்தமும் அம்மா பக்கம் சேர்ந்துகொண்டது. முகம் தெரியாத அந்த ஆளின் கை கால் விளங்காமல் போக வேண்டும், நாதியற்றுக் கிடக்க வேண்டும் என்று ஆளாளுக்குச் சபித்தார்கள். ஒருத்தி அம்மாவின் முகத்தைத் துடைத்துக்கொண்டே சபித்தாள்.

“அவுகளத் திட்டாதீக அக்கா,” என்று அம்மா கெஞ்சினாள்.

“இன்னும் என்ன அவுக?” என்ற அக்கா என் பக்கம் திரும்பினார். “நீ சொல்லு பாப்பா, அப்பத்தான் ஒங்காத்தாளுக்கு ஒறைக்கும். அந்த ஆளு இனிமே வருவானா?”

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். பொட்டு அட்டையை எரித்த கைகள் மடியில் கிடந்தன.

“வரமாட்டாக,” என்றேன்.

அம்மா அழுகையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.