முன்னால் போன பை

கல்லூரி மலரில் அச்சான என் முதல் கதையில் ஒரு கால இயந்திரம் வரும். குமிழைத் திருகினால் நாளை இன்றைக்கே வந்துவிடும். தமிழ்ப் பேராசிரியை படித்துவிட்டு, நம்பும்படி இல்லையே என்றார். எனக்கு வந்ததே கோபம். அப்படி ஒன்று எங்கள் வீட்டிலேயே இருந்தது, ஒழுங்காக வேலையும் செய்தது. பார்ப்பதற்கு மட்டும் ரெக்சின் பை மாதிரி இருக்கும்.

அதற்குப் பரஸ்தானம் என்று பெயர். ஊருக்குப் போகிற நாளில் சூலமோ ராகு காலமோ குறுக்கே நின்றால், அதற்கு முன்பே ஒரு நல்ல நேரம் பார்த்து, போகிற திசையில் இருக்கும் இன்னொருவர் வீட்டில் பையைக் கொண்டுபோய் வைத்துவிடுவார்கள். பை கிளம்பிவிட்டால் ஆளும் கிளம்பியாயிற்று என்று அர்த்தம். பிறகு எந்தக் கெட்ட நேரத்தில் வாசலைத் தாண்டினாலும் அது புறப்பாடு ஆகாது, ஏற்கெனவே தொடங்கிய பயணத்தின் மிச்சம்தான். ஒரே ஒரு நிபந்தனை, போன பை திரும்ப வீட்டுக்குள் வரக்கூடாது. வந்தால் அதைவிடப் பெரிய அபசகுனம் கிடையாது.

அப்பா தாலுகா ஆபீசில் வேலை பார்த்தார். ஆபீஸ் விதிகளில் எப்படியோ, இந்த விதிகளில் இம்மியளவும் நகர மாட்டார். ஒரு தடவை மதுரைக்குக் கிளம்பி, மறந்த குடையை எடுக்க வாசலுக்குத் திரும்பியவர், சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு உட்கார்ந்துவிட்டார். சூலத்துக்குப் பால் குடித்துவிட்டுப் போகலாம் என்று காலண்டரிலேயே பரிகாரம் போட்டிருக்கும். அதெல்லாம் சோம்பேறிகளுக்கு என்பார்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எனக்கு மெட்ராஸில் ஒரு கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை கிடைத்தது. புதன்கிழமை காலையில் போய்ச் சேர வேண்டும், தவறினால் அடுத்த ஆளுக்குப் போய்விடும் என்று கடிதத்திலேயே போட்டிருந்தார்கள். வண்ணார்பேட்டையில் எங்கள் தெருவிலிருந்து வேலைக்கென்று வெளியூர் போகும் முதல் பெண் நான்தான். அந்த வேலையை விரும்பிய அளவுக்கு அதுவரை நான் எதையும் விரும்பியதில்லை. ரயிலில் இடம் கிடைத்தது செவ்வாய்க்கிழமை சாயங்காலத்துக்கு. செவ்வாய் வடக்கே சூலம். மெட்ராஸ் இருப்பதும் வடக்கே.

அப்பா திங்கட்கிழமை காலை ஆறேகாலுக்கு நேரம் குறித்தார். வடக்கே நாலு வீடு தள்ளியிருந்த டீச்சர் வீட்டில் பையைத் தானே கொண்டுபோய் வைத்துவிட்டு வந்தார். சாஸ்திரத்துக்கு ஒரு சேலையை வைத்தால் போதும். ஆனால் அரைகுறை வேலை அவருக்குப் பிடிக்காது. மொத்தத்தையும் வைத்துவிட்டார். பல் தேய்க்க பிரஷ் இல்லை, மாற்றிக் கட்டச் சேலை இல்லை. அம்மாவின் சேலையைச் சுற்றிக்கொண்டு, ஊருக்குப் போய்விட்ட நான் அடுக்களையில் உட்கார்ந்து தோசை தின்றுகொண்டிருந்தேன். என் கதையில் வந்த விஞ்ஞானியால்கூட இது முடிந்ததில்லை. மத்தியானத்துக்கு அம்மா ஒரு ஆள் அரிசியைக் குறைத்துப் போட்டுவிட்டு, என்னைப் பார்த்ததும் தலையில் அடித்துக்கொண்டு மறுபடி உலை வைத்தாள். அப்பா என் முகத்தையே பார்க்கவில்லை. எனக்கு எல்லாமே வேடிக்கையாக இருந்தது.

அன்று சாயங்காலம் அப்பாவின் அண்ணன், என் பெரியப்பா, சீவலப்பேரியிலிருந்து டவுன் பஸ் பிடித்து வந்து சேர்ந்தார். வயலை விட்டு அசையாத மனுஷர், வந்தால் காரியத்தோடுதான் வருவார். பெண்பிள்ளையை ஒற்றையில் மெட்ராஸுக்கு அனுப்புவது என்ன நியாயம் என்று ஆரம்பித்தவர், சாப்பாடு முடிகிறவரை நிறுத்தவில்லை. நாளைக்கு மாப்பிள்ளை வீட்டார் என்ன கேட்பார்கள், காய்ச்சல் வந்தால் யார் கஞ்சி வைத்துக் கொடுப்பார்கள் என்று ஒன்றுவிடாமல் அடுக்கினார். அப்பா ‘ம்’ கொட்டிக்கொண்டே இருந்தார். கரைப்பார் கரைத்தால் கல்லும் கரையும் என்பார்கள். அப்பா கல்கூட இல்லை.

செவ்வாய்க்கிழமை காலையில் அப்பா காப்பி டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, தரையைப் பார்த்துச் சொன்னார். “இப்பம் வேண்டாம்ட்டி. அடுத்த வருஷம் பாத்துக்கிடுவோம்.”

அழு, அழுதால் காரியம் நடக்கும் என்று அம்மா கண்ணால் ஜாடை காட்டினாள். அழுது ஜெயிப்பதில் எனக்கு அப்போதும் நம்பிக்கை இல்லை, இப்போதும் இல்லை.

“என்னைப் போகாதன்னு எப்படிப்பா சொல்லுதிய?” என்றேன். “நான்தான் நேத்துக் காலைல ஆறேகாலுக்கே போயிட்டேன்லா. கொண்டுபோய் விட்டதே நீங்கதான். வேணும்னா அந்தப் பையைத் திருப்பி எடுத்துட்டு வாங்க, நான் இங்கனயே இருக்கேன்.”

அப்பாவின் முகம் போன போக்கை நினைத்தால் இன்றைக்கும் சிரிப்பு வருகிறது, பாவமாகவும் இருக்கிறது. டீச்சர் வீட்டுப் பக்கம் ஒரு தடவை பார்த்தார். எழுந்திருக்கவில்லை. பேசியது பெரியப்பாதான்.

“ஏலே, பரஸ்தானம் வச்சாச்சா? அதை முதல்லயே சொல்லாண்டாமா? போயிட்ட பிள்ளைய அனுப்பாத அனுப்பாதன்னு நானும் தொண்டை வத்தப் பேசுதேன், நீயும் கேட்டுக்கிட்டு இருக்கியே.”

அதோடு துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு அடுத்த பஸ்ஸுக்குக் கிளம்பிவிட்டார். அந்த ஊர்த் தண்ணீர் நம் ஆற்றுத் தண்ணீர் மாதிரி இருக்காது, காய்ச்சிக் குடி என்று எனக்குச் சொல்லிவிட்டுத்தான் படி இறங்கினார்.

சாயங்காலம் போகிற வழியில் டீச்சர் வீட்டில் பையை எடுத்துக்கொண்டோம். ரயில் பெட்டி வரைக்கும் அப்பாதான் தூக்கிவந்தார். வண்டி நகரும்போதுகூட ஒரு வார்த்தை பேசவில்லை. கோபம் என்று நினைத்துக்கொண்டேன். ஜெயித்த மிதப்பில் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவும் இல்லை. கங்கைகொண்டான் தாண்டுவதற்குள் புளியோதரைப் பொட்டலத்தைப் பிரித்துவிட்டேன்.

பொங்கலை ஒட்டி நாலு நாள் லீவில் வந்தேன். ஞாயிற்றுக்கிழமை வந்து புதன்கிழமை திரும்ப வேண்டும். செவ்வாயும் புதனும் வடக்கே சூலம் என்பதால், நான் வந்த மறுநாளே அம்மா என் பையை அடுக்க ஆரம்பித்துவிட்டாள். நல்ல நேரம் எப்போது என்று அப்பாவிடம் கேட்டாள். அப்பா காலண்டர் பக்கம் திரும்பவே இல்லை.

“பை எங்கயும் போவாண்டாம்” என்றார். “போன தடவை அது போனதுலேருந்து பிள்ள கண்ணு முன்னால நிக்கா, என்னால ஏறெடுத்துப் பாக்க முடியல. ஒண்ணரை நாள் எனக்கு இல்லாமப் போச்சு. புதன்கிழமை போறவ புதன்கிழமையே போகட்டும். அதுவரைக்கும் இங்கன இருக்கட்டும்.”

சூலம் இருக்கிறதே என்று அம்மா இழுத்தாள்.

“ஒரு வாய் பாலைக் குடிச்சிட்டுப் போனாப் போதும்.”

அப்பாவிடம் வாதத்தில் நான் தோற்றது அந்த ஒரு தடவைதான். புதன்கிழமை சாயங்காலம், அவர் ஆற்றிக் கொடுத்த பாலைக் குடித்துவிட்டு, நானும் பையும் ஒன்றாகவே புறப்பட்டோம்.