ஏழரை அக்கா லேட்டாக வந்த பத்து நாள்

எங்கள் ஆராய்ச்சிக் கழகத்தில் காலத்தைப் பற்றி மட்டும்தான் படிப்பார்கள். மூன்று மாடி, முப்பது அறை, அறைக்கொரு கடிகாரம். இருட்டறையில் ஆளை உட்கார வைத்து, ஒரு நிமிஷம் ஆனதாகத் தோன்றும்போது பொத்தானை அழுத்தச் சொல்வார்கள். இதற்கெல்லாம் பட்டம் வாங்கியவர்கள் இருபது பேர். அவர்கள் குப்பையை அள்ளவும், கதவைத் திறக்கவும், கடிதம் தட்டவும் நாங்கள் பத்துப் பேர். நான் கடிதம் தட்டுகிறவன்.

துப்புரவு வேலைக்குப் பொறுப்பானவரை எல்லோரும் ஏழரை அக்கா என்போம். சரியாக ஏழரை மணிக்கு உள்ளே வருவார் என்பதால் வந்த பெயர். "ஏழரை வந்துடுச்சுடா" என்று காவலாளி கிண்டல் செய்வார். "வந்தது உன்னைப் பிடிக்கத்தான், ஒழுங்கா கேட்டைத் திற" என்று சொல்லிக்கொண்டே அக்கா போவார். ஊசல் கடிகார அறையில் துடைப்பம் படக்கூடாது, காற்று அசையும். ஈரத்துணியை முறுக்கிப் பிழிந்து, செருப்பைக் கழற்றிவிட்டு, மூலையிலிருந்து வாசல்வரை மண்டியிட்டுத் துடைத்து வருவார். பத்தொன்பது வருஷம் இப்படி. பத்தொன்பது வருஷமும் தற்காலிகம்தான். இரண்டு பெண்களைத் தனியாளாக வளர்த்து ஆளாக்கியது இந்தத் தற்காலிகத்தை வைத்துத்தான்.

இந்த வருஷம் எங்கள் பத்துப் பேரையும் நிரந்தரமாக்குவதாகச் சொன்னார்கள். வருகைப் பதிவில் கறை இருக்கக்கூடாது, அது ஒன்றுதான் நிபந்தனை. அந்த நேரம் பார்த்து வாசலில் புது மெஷின் வந்தது. அட்டையைக் காட்டினால் பச்சை விளக்கு எரியும், அவ்வளவுதான். மணி காட்டாது. படித்தவர்களுக்கு அட்டை கிடையாது, எங்களுக்கு மட்டும்தான்.

பத்து வேலை நாள் கழித்துப் பட்டியல் வந்தது. பத்துப் பேரும் தினமும் லேட், கடைசி நாள் முக்கால் மணி நேரம். கண்காணிப்பாளர் என்னைக் கூப்பிட்டுப் பத்து மெமோ அடிக்கச் சொன்னார். பத்தாவது எனக்கே. என் மெமோவை நானே எழுத்துப்பிழை பார்த்துத் திருத்தினேன், அந்தக் கூத்தை எங்கே போய்ச் சொல்ல.

"மன்னிப்புக் கடிதம் எழுதிக் கொடுங்க, கண்டுக்காம விட்டுடறேன்" என்றார் கண்காணிப்பாளர். ஒன்பது பேர் எழுதிக் கொடுத்தோம். நான் நேரத்துக்கு வந்தேன் என்று எனக்குத் தெரியாதா? தெரியும். ஆனால் காலத்தையே கரைத்துக் குடித்த இடத்து மெஷின் சொல்கிறதே என்று என் கைக்கடிகாரத்தைக் கழற்றி இரண்டு தட்டுத் தட்டிப் பார்த்தேன். வேறு எந்த ஆபீசாக இருந்தாலும் மெஷினைத்தான் தட்டியிருப்பேன்.

அக்கா மட்டும் எழுதவில்லை.

"என்னம்மா, எல்லாரும் எழுதியாச்சு. உனக்கு மட்டும் கொம்பா முளைச்சிருக்கு?" என்றார் கண்காணிப்பாளர்.

"லேட்டா வந்தா எழுதறேன் சார். வரலையே."

"வேலை போயிடும்."

"போனா போகட்டும். செய்யாத தப்பைச் செஞ்சேன்னு என் கையால எழுத மாட்டேன்."

சாப்பாட்டு நேரத்தில் அக்கா என் மேஜைக்கு வந்து தன் பட்டியலைக் கேட்டார். கொடுத்தேன். விரலை வைத்து வரிவரியாகப் படித்தார். பிறகு என் பேனாவை எடுத்து ஓரத்தில் என்னவோ கணக்குப் போட்டார். "தம்பி, கிளம்பு. இயக்குநரம்மாவைப் பாக்கணும். ஃபைல் பண்ண உன்கிட்ட குடுத்த மன்னிப்புக் கடுதாசிக் கட்டையும் எடுத்துக்க."

கட்டை எடுத்துக்கொண்டேன். அக்கா பின்னால் போனேன். எங்களைப் பார்த்துவிட்டுக் கண்காணிப்பாளரும் பின்னாலேயே ஓடி வந்தார்.

அக்கா பட்டியலை இயக்குநர் முன்னால் வைத்தார். "முதல் நாள் ஏழு முப்பத்திநாலு. மறுநாள் முப்பத்தெட்டு. அதுக்கு மறுநாள் நாப்பத்திரெண்டு. தினமும் நாலு நாலு நிமிஷமா அளந்து யாராலயாவது லேட்டா வர முடியுமா மேடம்? சனிக்கிழமை அம்பத்திநாலு, திங்கக்கிழமை எட்டு ரெண்டு. நடுவுல ஞாயித்துக்கிழமை லீவு. அன்னிக்கும் வீட்டுல உக்காந்துகிட்டே நான் லேட்டாகிட்டிருந்தேனா? சாயங்காலக் கணக்கையும் பாருங்க. கடைசி நாள் நாலரைக்குப் போன என்னை அஞ்சேகாலுக்குப் போனதாக் காட்டுது. அதுக்கு ஏன் யாரும் மெமோ குடுக்கல?"

இயக்குநர் பட்டியலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு நெற்றியில் கை வைத்துக்கொண்டார். "ஐயையோ, நட்சத்திரக் கடிகாரம்" என்றார்.

மேல்மாடியில் நட்சத்திரம் பார்க்கிறவர்களின் கடிகாரம் ஒன்று இருக்கிறது. அது தினமும் நாலு நிமிஷம் முந்தி ஓடும். கோளாறு இல்லை, நட்சத்திரத்துக்கு அப்படித்தான் ஓட வேண்டும். மெஷினைப் பொருத்தியவர் மணியைச் சரியாக வைத்துவிட்டு, ஓட்டத்துக்கு அந்தக் கடிகாரத்தின் ஒயரில் இணைத்துவிட்டுப் போயிருக்கிறார். அட்டை காட்டாத இருபது மேதைகளில் ஒருவர் கண்ணிலும் இது படவில்லை.

"மன்னிச்சுக்குங்கம்மா. உங்க மெமோவை ரத்து பண்ணிடறேன், நீங்க போகலாம்" என்றார் இயக்குநர்.

அக்கா நகரவில்லை. "மத்த ஒம்பது பேரோடது?"

கண்காணிப்பாளர் முந்திக்கொண்டார். "அவங்க லேட்டா வந்ததா அவங்களே ஒத்துக்கிட்டாங்க மேடம். கைப்பட எழுதினது. அதை எப்படி இல்லைன்னு சொல்றது? அவங்க நிரந்தரத்தை அடுத்த வருஷம் பாத்துக்கலாம்."

கண்டுகொள்ளாமல் விடுகிறேன் என்று சொன்ன அதே வாய். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது, ஆனால் வாய் திறக்கவில்லை. என் வருஷாந்திர அறிக்கையை எழுதுகிறவர் அவர்தான்.

"அப்ப என்னோடதையும் ரத்து பண்ண வேணாம்" என்றார் அக்கா.

"என்னம்மா சொல்றீங்க? பத்தொன்பது வருஷம் ஆச்சே" என்றார் இயக்குநர்.

"ஆச்சு மேடம். ஒரே கேட்டு, ஒரே மெஷின். நான் நேரத்துக்கு வந்தா அவங்களும் நேரத்துக்குத்தான் வந்தாங்க." அப்படியே என் பக்கம் திரும்பினார். "நீ சொல்லு தம்பி. நீ லேட்டா வந்தியா?"

கண்காணிப்பாளர் என்னையே முறைத்துக்கொண்டிருந்தார். கையில் இருந்த கட்டில் மேலே இருந்தது என் கடிதம்தான். 'தாமதமாக வந்தது என் தவறு' என்று அழகாக அடிக்கோடு வேறு போட்டிருந்தேன். அதைப் பார்க்கப் பார்க்க வெட்கத்தில் காது சுட்டது.

"இல்லக்கா. ஒரு நாள்கூட லேட்டா வரல."

"அப்புறம் எதுக்குய்யா எழுதிக் குடுத்தே?" என்றார் கண்காணிப்பாளர்.

"நீங்க எழுதச் சொன்னீங்க சார், எழுதினேன். இப்ப அக்கா கேக்கறாங்க, உள்ளதைச் சொல்றேன்."

இயக்குநர் என் கையிலிருந்து கட்டை வாங்கி ஒவ்வொரு கடிதத்தின் மேலும் 'தவறு எங்களுடையது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். ஒன்பது முறை எழுதி முடிக்கும்வரை அக்கா அங்கேயே நின்றார்.

அந்த வாரமே நிரந்தர ஆணை வந்தது. பத்துப் பெயரையும் நான்தான் தட்டினேன். அக்கா பெயரை முதலில் போட்டேன். "அகர வரிசைப்படி அது கடைசியில வரணுமே" என்றார் கண்காணிப்பாளர்.

"இங்கதான் சார் வரும்" என்று சொல்லிக் கையெழுத்துக்கு நீட்டினேன்.